அது ஜாம் இல்லை

அந்த மருந்துக்கு ஜாம் என்று பெயர் வைத்ததே அவள்தான்.

பல் மருத்துவமனையில் வரவேற்பு மேசைக்கு வேலைக்குச் சேர்ந்த புதிதில், ஊசியைப் பார்த்து ஊரைக் கூட்டிய ஒரு சிறுமியைத் தாஜா பண்ணி, "முதல்ல ஜாம் தடவுவாங்கடா. ஸ்ட்ராபெரி ஜாம். உன் வாய் தூங்கிப்போயிடும். அப்புறம் ஊசி வந்ததும் தெரியாது, போனதும் தெரியாது" என்று சொல்லி உள்ளே அனுப்பினாள். சிறுமி சமர்த்தாக வாயைத் திறந்தாள். பல் டாக்டருக்கு ஒரே குஷி. "நல்ல பேரா இருக்கே, இனிமே அது ஜாம்தான்" என்றார். அன்றிலிருந்து ஈறு மரத்துப்போகத் தடவும் அந்த இளஞ்சிவப்புக் களிம்புக்கு அங்கே வேறு பெயர் கிடையாது. டப்பாவின் மேல் நீளமாக ஒரு பெயர் அச்சடித்திருக்கும். சரக்கு வரவழைக்கும்போது மட்டும் அவள் அதை எழுத்துக்கூட்டி எழுதுவாள். மற்றபடி ஜாம் எடு, ஜாம் வை, ஜாம் தீர்ந்துபோச்சு.

வீட்டில் அவளுக்கும் அப்படி ஒரு பெயர் வந்து ஒட்டிக்கொண்டது. டாக்டரம்மா.

அவள் படித்தது இயற்பியல். அப்பா வெல்டர். அம்மா பள்ளிக்கூடம் ஒன்றில் பெருக்கித் துடைக்கிறவள். இரண்டு பக்கத்துச் சொந்தத்திலும் கல்லூரிப் படியை மிதித்த முதல் ஆள் அவள்தான் என்று அப்பா பார்க்கிறவரிடமெல்லாம் சொல்லுவார், கேட்டாலும் கேட்காவிட்டாலும். படித்து முடித்தபோது அவளுக்காக யாரும் நாற்காலி போட்டு வைத்துக்கொண்டு காத்திருக்கவில்லை. பெரிய இடத்துப் பிள்ளைகளுக்கெல்லாம் மாமா இருந்தார், சித்தப்பா இருந்தார். அவளுக்கு இந்த மேசைதான் கிடைத்தது. டோக்கன் கொடுக்க வேண்டும், பெயரைக் கூப்பிட வேண்டும், அலமாரியில் சரக்கைப் பார்த்துக்கொள்ள வேண்டும். கூடவே ஒரு வெள்ளைக் கோட்டும் கொடுத்தார்கள்.

அந்தக் கோட்டோடு முதல் நாள் மாடிப்படி ஏறியபோது பக்கத்து வீட்டுத் தையல்காரம்மா ஊசியில் நூல் கோத்துக்கொண்டே, "வழி விடுங்கப்பா, டாக்டரம்மா வர்றாங்க!" என்று குரல் கொடுத்தாள். அவளுக்குச் சுருக்கென்றது. "நான் டாக்டர் இல்லக்கா, ரிசப்ஷன்" என்றாள். அடுத்த நாளும் சொன்னாள். அதற்கப்புறம் சொல்வதை விட்டுவிட்டாள். கொஞ்ச நாளில் மேல்வீட்டுப் பெரியவர் கடைவாய்ப் பல் வலிக்கிறது என்று வந்து வாயைப் பிளந்து நின்றபோது, செல்போன் டார்ச்சை அடித்து உள்ளே எட்டிப் பார்த்து, "ம்ம்" என்றாள். அந்த ‘ம்ம்’ பல் டாக்டருடையது. அப்படியே எடுத்து வந்திருந்தாள்.

அண்ணன் மகனுக்கு வீட்டில் பொக்கை என்று பெயர். பிறந்ததிலிருந்தே வாயெல்லாம் சிரிப்பு, சிரிப்பெல்லாம் ஈறு. ஏழெட்டு மாதத்தில் அந்தச் சிரிப்பு காணாமல் போனது. எச்சில் ஒழுகி நெஞ்சு நனைந்தது. கையில் கிடைத்ததையெல்லாம் வாயில் திணித்துக் கடித்தான். கீழ் ஈறு வீங்கி, நடுவில் அரிசி முனை மாதிரி ஒரு வெள்ளை தெரிந்தது. வண்டியோட்டியான அண்ணன் வாரக்கணக்கில் வெளியூரில் இருப்பவன். அண்ணிதான் பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு கூடத்துக்கும் சமையலறைக்குமாக நடந்தாள்.

அன்றைக்கு மாலை அவள் வேலையிலிருந்து வந்தபோது அம்மா பீரோ சாவிக்கொத்தைப் பிள்ளையின் வாயில் கொடுத்திருந்தாள்.

"ஐயோ அம்மா! அறிவிருக்கா உனக்கு? எத்தனை பேர் கை பட்ட சாவி அது!"

"நீயும் இதே சாவியைக் கடிச்சு வளந்தவதான்டி."

"அதான் இப்படி இருக்கேன்."

அண்ணி தயங்கித் தயங்கிச் சொன்னாள். "நாளைக்கு ஆஸ்பத்திரில காட்டிட்டு வரட்டா? என்ன பண்ணலாம்னு கேட்டுட்டாவது..."

"பல்லு முளைக்கறதுக்கெல்லாம் யாராவது போய் வரிசையில நிப்பாங்களா அண்ணி? அப்ப நான் எதுக்கு இருக்கேன்?"

சொல்லிவிட்டுப் பையிலிருந்து ஒரு சின்ன டப்பியை எடுத்தாள். முகக் களிம்பு தீர்ந்துபோன டப்பி. அதைக் கழுவித் துடைத்து, மருத்துவமனை அலமாரியில் இருந்து கொஞ்சம் வழித்துக்கொண்டு வந்திருந்தாள். அங்கே பிள்ளைகளுக்குத் தடவுகிறார்கள், நம் பிள்ளைக்குத் தடவினால் என்ன? அங்கே வருகிற பிள்ளைகள் பள்ளிக்கூடம் போகிறவர்கள், டாக்டர் பஞ்சு நுனியில் ஒரு பொட்டுத்தான் எடுக்கிறார், அதுவும் பக்கத்திலேயே நின்று பார்த்துக்கொள்கிறார் என்பதெல்லாம் அவளுக்குத் தெரியும். கைக்குழந்தைக்கு ஆகுமா என்று டாக்டரிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். கேட்டால், "உனக்கு எதுக்கும்மா அதெல்லாம்?" என்று வந்துவிடுமோ என்று கேட்கவில்லை. வாங்காமல் எடுத்ததையும் சொல்ல வேண்டியிருக்கும்.

"இது என்னடி?" என்றாள் அம்மா.

"ஜாம்."

மோந்து பார்த்த அப்பாவுக்கு ஆச்சரியம். "அட, நெஜமாவே ஜாம் வாசனைடா!"

அவள் விரல் நுனியில் தொட்டு ஈறில் தடவினாள். பொக்கை நாக்கைச் சப்புக்கொட்டினான். கொஞ்ச நேரத்தில் அழுகை நின்றது. அந்த வீட்டில் அப்படியொரு அமைதி வந்து பல நாளாயிருந்தது. அப்பா எழுந்து நின்றே விட்டார். "பாத்தியா, படிப்புன்னா சும்மாவா?" அண்ணி அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். தையல்காரம்மா தன் மகனை இடுப்பில் வைத்துக்கொண்டு வந்தாள். அவனுக்கும் பல் முளைக்கிற வயசு. "எங்களுக்கெல்லாம் கிடையாதா டாக்டரம்மா?" என்று கேட்டாள். டாக்டரம்மா இன்னொரு டப்பியில் கொஞ்சம் போட்டுக் கொடுத்தாள். பெரிய மனசு.

எவ்வளவு தடவலாம், எத்தனை தடவை தடவலாம் என்று யாரும் கேட்கவில்லை. மருந்து என்று சொல்லியிருந்தால் கேட்டிருப்பார்கள். ஜாமுக்கு யார் கணக்குக் கேட்பார்கள்?

மறுநாள் மத்தியானம் மேசையில் அவளுடைய போன் அதிர்ந்தது. அண்ணி. காத்திருப்போர் நாற்காலியெல்லாம் நிரம்பியிருந்தது. பல் டாக்டர் மேசைமேல் முழங்கையை ஊன்றி, அடுத்து யார் என்று அவளுடைய திரையை எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஏய், பொக்கைக்கு உதடெல்லாம் சாம்பல் பூத்துப்போச்சுடி." அண்ணிக்கு மூச்சு வாங்கியது. "துவண்டு துவண்டு விழறான். ஆஸ்பத்திரிக்குத் தூக்கிட்டு ஓடியாந்தோம். ஆக்ஸிஜன் வெச்சிருக்காங்க, ஆனா ஏற மாட்டேங்குதாம். நெஞ்சும் நல்லாத்தான் இருக்காம். அவங்களுக்கே புரியல. என்ன குடுத்தீங்கன்னு கேக்கறாங்க. ஜாம் தடவினோம்னேன். ரொட்டிக்குத் தடவற ஜாமான்னு கேக்கறாங்க. அதுக்கு வேற பேரு இருக்குமில்ல? என்னது அது? சொல்லு, டாக்டர் இங்கயேதான் நிக்கறாங்க."

பெயர் அவள் நாக்கு நுனியில்தான் இருந்தது. மாதத்துக்கு ஒருமுறை எழுதுகிற பெயர். அதைச் சொன்னால் ஒரு முழம் தள்ளி நிற்கிற டாக்டர் தலையைத் திருப்புவார். ஏன், யாருக்கு, எங்கிருந்து எடுத்தாய்?

"அப்புறம் கூப்பிடறேன்" என்றாள். அழைப்பை வெட்டினாள்.

"யாரும்மா?" என்றார் டாக்டர்.

"வீட்டுலருந்து சார். ஒண்ணுமில்ல."

ஒண்ணுமில்ல. அந்த வார்த்தை வாயைவிட்டு இறங்கும்போதே அவள் நாற்காலியை விட்டு எழுந்துவிட்டாள். கருவிகள் கழுவும் அறைக்குள் ஓடிக் கதவைச் சாத்திக்கொண்டு கூப்பிட்டாள். மணி அடித்தது, அடித்துக்கொண்டே இருந்தது, எடுக்கவில்லை. அப்பாவைக் கூப்பிட்டாள். அணைத்து வைக்கப்பட்டிருந்தது. அம்மாவிடம் போனே கிடையாது. கழுவு தொட்டியில் யாரோ துப்பிய சிவப்புத் தண்ணீர் இன்னும் ஓடி முடிந்திருக்கவில்லை. வாய் கொப்பளித்துத் துப்புகிற நேரம்தான் ஆகியிருக்கும். அந்த நேரத்துக்குள் ஒரு பிள்ளைக்கு என்னவெல்லாம் ஆகலாம்?

மேசைக்கு வந்து, "சார், அண்ணன் பையனுக்கு ரொம்பக் காய்ச்சலாம்" என்றாள். பொய்யைக்கூட ஒழுங்காகச் சொல்ல வரவில்லை. பதிலுக்குக் காத்திராமல் வெளியே பாய்ந்தாள். ஆஸ்பத்திரி இரண்டு தெரு தள்ளித்தான். ஓடினாள். வாசல் காவலாளி அவளைப் பார்த்ததும் விலகி நின்று கதவைத் திறந்துவிட்டார். குழந்தைகள் பிரிவு எங்கே என்று கேட்டதும் ஒரு செவிலி, "நேரா போய் இடது பக்கம், டாக்டர்" என்றாள். அப்போதுதான் கோட்டைக் கழற்றாமல் வந்திருப்பது அவளுக்கு உறைத்தது.

வார்டு வாசலில் அம்மா அண்ணியைப் பிடித்துக் காய்ச்சிக்கொண்டிருந்தாள். "பெத்தவதானே நீ? புள்ள நிறம் மாறுற வரைக்கும் எங்க பாத்துட்டிருந்த?" அண்ணி சுவரோடு சுவராக நின்றாள். அந்த வீட்டில் எது நடந்தாலும் திட்டு அவள் தலையில்தான் விடியும். தடவச் சொன்னது யார் என்று அவள் வாயைத் திறந்திருந்தால் போதும். திறக்கவில்லை.

உள்ளே குழந்தை மருத்துவர் குனிந்து நின்றார். நடுத்தர வயதுப் பெண்மணி, நரைத்த முடியை இறுக்கிக் கட்டியிருந்தார். பொக்கையின் முகத்தில் ஆக்ஸிஜன் முகமூடி. அதற்குக் கீழே தெரிந்த உதடு அடுப்புச் சாம்பல் நிறத்தில் இருந்தது. மருத்துவர் அவளுடைய கோட்டைப் பார்த்துவிட்டு நிமிர்ந்தார்.

"நீங்க எந்தப் பிரிவு டாக்டர்?"

"நான் டாக்டர் இல்ல மேடம். பல் ஆஸ்பத்திரியில டோக்கன் குடுக்கறவ." கட்டிலருகே வந்து நின்றாள். "அது ஜாம் இல்ல. பென்ஸோகெய்ன். மரத்துப்போற களிம்பு. பல்லுக்கு ஊசி போடறதுக்கு முன்னால தடவறது. நான்தான் எடுத்துட்டு வந்தேன். நான்தான் ஜாம்னு சொன்னேன்."

மருத்துவரின் முகம் சட்டென்று மாறியது. கோபம் இல்லை, விடை கிடைத்த முகம். சற்று முன் எடுத்திருந்த ரத்தக் குழாயை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தார். ரத்தம் சிவப்பாக இல்லை, சாக்லெட் கரைத்த மாதிரி இருந்தது. "அதானே!" என்று தனக்குள் சொல்லிக்கொண்டு செவிலியிடம் ஒரு மருந்தின் பெயரைச் சொல்லி ஓட விட்டார். "எவ்வளவு தடவினீங்க?"

"நேத்து நான் ஒரு பொட்டு..."

"குளிப்பாட்டினதும் நான் ஒருக்கா" என்றாள் அண்ணி வாசலில் இருந்து. "தூங்க வைக்கறப்ப ஒருக்கா."

அம்மா வாயைப் பொத்திக்கொண்டாள். "வேலைக்குப் போறதுக்கு முன்னாடி நானும் வெச்சேன். அழுதானேன்னு."

அப்பா தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார். வேலை இல்லாத நாள், பேரனோடு வீட்டில் இருந்தவர். "சிணுங்கினப்பல்லாம் நான் வழிச்சு வெச்சேன்மா" என்றார். இரும்பை ஒட்டவைத்துத் தழும்பேறிய அந்த விரலைத் தூக்கிக் காட்டினார். "ஜாம்தானேன்னு..."

கருநீலத்தில் ஒரு ஊசி மருந்து வந்தது. மெதுவாக, மிக மெதுவாக ஏற்றினார்கள். அவள் கோட்டைக் கழற்றிச் சுருட்டிக் கக்கத்தில் வைத்துக்கொண்டாள். அதை எங்கே ஒளிப்பது என்று தெரியவில்லை. பிள்ளையின் உதட்டை மட்டும் பார்த்தாள். சாம்பல் நிறம் கரைந்து, முதலில் ஓரத்தில், பிறகு நடுவில், ரத்தச் சிவப்பு வந்தது. பொக்கை முகத்தைச் சுளித்தான். பிறகு வீறிட்டு அழுதான். நேற்று அந்த அழுகையை நிறுத்தியதற்குத்தான் அவளைத் தலையில் தூக்கி வைத்து ஆடினார்கள்.

"இனிமே பயமில்ல" என்றார் மருத்துவர். "ராத்திரி இங்கயே இருக்கட்டும். இந்தக் களிம்பு அதிகமாப் போனா ரத்தம் ஆக்ஸிஜனைச் சுமக்காது. கைக்குழந்தைக்குக் கொஞ்சம்கூட ஆகாது. எச்சிலோட உள்ளதான் போகும், ஈறுலயும் நிக்காது." பிறகு அண்ணியைப் பார்த்துச் சொன்னார். "பல்லு வர்றப்போ வலிக்கத்தான் செய்யும்மா. கையை நல்லாக் கழுவிட்டு விரலால ஈறைத் தேய்ச்சு விடு. சுத்தமான துணியை நனைச்சு ஃப்ரிட்ஜ்ல குளிர வெச்சுக் கடிக்கக் குடு, பக்கத்துலயே உக்காந்து பாத்துக்கோ. உறைஞ்சு கல்லாப்போனது வேணாம். கழுத்துல எதையும் கட்டித் தொங்க விடாத."

"சாவி?" என்றாள் அம்மா சன்னமாக.

"சாவி பூட்டுக்கு."

அம்மா தலையை ஆட்டினாள். வேறொரு நாளாயிருந்தால் அவள் அம்மாவைப் பார்த்து ஒரு சிரிப்புச் சிரித்திருப்பாள்.

"நல்லாக் காய்ச்சல் அடிச்சாலோ, வயித்தால போனாலோ, பல்லுனாலதான்னு வீட்டுல உக்காந்திருக்காதீங்க. தூக்கிட்டு வந்துருங்க" என்ற மருத்துவர் கிளம்பப் போய், அவள் பக்கம் திரும்பினார். குரலை உயர்த்தவில்லை. "ஏம்மா, அவங்க போன் பண்ணிக் கேட்டப்பவே பேரைச் சொல்லியிருக்கலாமே?"

அவளுக்கு முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை. அவள் வாயைத் திறக்கும் முன்பே அண்ணி சொல்லிவிட்டாள்.

"பாவம், டவர் இல்ல மேடம். பேசிட்டிருக்கப்பவே கட்டாயிடுச்சு. அதுக்குள்ள நீங்க உள்ள கூப்பிட்டீங்க, போனைப் பெஞ்சுலயே போட்டுட்டு வந்துட்டேன்."

அண்ணி பொய் சொல்லவில்லை. அப்படித்தான் நம்பிக்கொண்டிருந்தாள். தன் நாத்தனார் அழைப்பை வெட்டியிருப்பாள் என்று நினைக்கக்கூட அவளுக்குத் தோன்றவில்லை. அந்த நாத்தனாருக்கு எந்த நேரமும் எரிச்சல்மூட்டிய அண்ணி. படிக்காதவள், தயங்கித் தயங்கிப் பேசுகிறவள், எல்லாவற்றுக்கும் ‘கேட்டுட்டு வரட்டா’ என்கிறவள். அண்ணி சொன்னதற்கு ஆமாம் என்று சும்மா தலையை ஆட்டியிருந்தால் போதும், அந்தப் பேச்சு அங்கேயே முடிந்திருக்கும்.

"டவர் இருந்துச்சு அண்ணி" என்றாள். "நான்தான் கட் பண்ணேன். பக்கத்துல சார் நின்னாரு. திருடினது தெரிஞ்சுடும்னு."

அண்ணி அவளைப் பார்த்தாள். திட்டியிருக்கலாம், ஒரு அறை விட்டிருக்கலாம். ஒன்றும் செய்யவில்லை. பார்வையைத் திருப்பிக்கொண்டு பிள்ளையிடம் போய் நின்றாள், முதுகைக் காட்டி. அப்பா ஏதோ சொல்ல வந்து விழுங்கினார். ‘படிப்புன்னா சும்மாவா’ என்ற வாய்.

அப்போதுதான் அவளுக்கு இன்னொரு டப்பி நினைவுக்கு வந்தது.

மறுபடியும் ஓட்டம், இந்தமுறை வீட்டுக்கு. மாடிப்படியில் செருப்பு ஒன்று கழன்று கீழே உருண்டது. தையல்காரம்மாவின் கதவைத் தட்டவில்லை, அடித்தாள். தையல் எந்திரத்தின் சத்தம் நின்றது.

"ஷ்ஷ்! இப்பத்தான் தூங்கறான்." கழுத்தில் அளவு நாடாவோடு தையல்காரம்மா எட்டிப் பார்த்தாள். "உன் ஜாமைத் தடவினேன், அப்படியே..."

அவள் இடித்துக்கொண்டு உள்ளே போனாள். வெட்டிய துணிக் குவியலுக்குப் பக்கத்தில் பாயில் பிள்ளை கிடந்தான். ஜன்னல் திரையை விலக்கி உதட்டைப் பார்த்தாள். சிவப்பு. நகத்தைப் பார்த்தாள். சிவப்பு. நம்பிக்கையில்லாமல் அவனைத் தூக்கிக் குலுக்கினாள். அவன் கண்ணைத் திறந்து, அவளை அடையாளம் தெரியாமல் ஓவென்று அழ ஆரம்பித்தான்.

"உனக்கென்ன கிறுக்கா புடிச்சிருக்கு? அவனைத் தூங்க வைக்க நான் பட்ட பாடு எனக்குத்தான்டி தெரியும்!"

"எத்தனை தடவை தடவினீங்கக்கா?"

"ஒரே தடவை. கடுகளவு. தீந்துபோயிடுமேன்னு சிக்கனமா வெச்சிருக்கேன். ஏன்?"

அவள் சொன்னாள். பொக்கை ஆஸ்பத்திரியில் கிடப்பதை, சாம்பல் உதட்டை, வெட்டிய அழைப்பை. நின்றபடியே, ஒன்று விடாமல். தையல்காரம்மாவின் முகத்தில் ஈயாடவில்லை. பிள்ளையைப் பிடுங்கி நெஞ்சோடு அணைத்துக்கொண்டு, எந்திரத்தின் இழுப்பறையிலிருந்து டப்பியை எடுத்து மேசைமேல் தள்ளினாள், பூச்சியைத் தள்ளுவது மாதிரி.

"என்னை மன்னிச்சுடுங்கக்கா. நான் டாக்டர் இல்ல."

"அது எங்களுக்குத் தெரியாதா?" என்றாள் தையல்காரம்மா. "நீ டோக்கன் குடுக்கறதை நான் வந்தே பாத்திருக்கேன். கிண்டலுக்குக் கூப்பிட்டோம். நீயும் மூஞ்சியைத் தூக்கி வெச்சுக்காம ஏத்துக்கிட்டியேன்னு இன்னும் கூப்பிட்டோம். நீ டாக்டர் இல்லன்னு இந்த மாடிக்கே தெரியும்டி. அது ஜாம் இல்லன்னுதான் தெரியாது."

மேல்வீட்டுப் பெரியவரின் பிளந்த வாய் நினைவுக்கு வந்தது. அவரும்கூட விளையாட்டுக்குத்தான் காட்டினாரா? அவள் ‘ம்ம்’ என்றபோது உள்ளுக்குள் சிரித்துக்கொண்டாரா?

பிள்ளை அழுகையை விடுவதாயில்லை. முஷ்டியை வாயில் திணித்துக் கடித்தான். மருத்துவர் சொன்ன ஈரத் துணியைப் பற்றி அவள் முணுமுணுத்தாள்.

"இது யாரு சொன்னது? நீயா?"

"நெஜ டாக்டர்."

தையல்காரம்மா அவளை ஏற இறங்கப் பார்த்தாள். "அப்ப இவனைப் பிடி. நான் போய் நல்ல துணியா பாத்து நனைச்சுட்டு வரேன். எழுப்பி விட்டது நீதானே, நீயே சமாதானம் பண்ணு." இரண்டடி போய்த் திரும்பினாள். "முதல்ல கையைக் கழுவு. சோப்புப் போட்டு."

அவள் போய்க் கையைக் கழுவினாள். நகக்கண்வரை தேய்த்துக் கழுவினாள். பிள்ளையை மடியில் வைத்து, விரலை ஈறில் வைத்ததும் அவன் கவ்விக்கொண்டான். புதுப் பல்லின் விளிம்பு சுரீரென்று இறங்கியது. வலித்தது. விரலை எடுக்கவில்லை.

சுருட்டி வைத்திருந்த கோட்டுக்குள் போன் அதிர்ந்தது. பல் டாக்டர். இடது கையால் துழாவி எடுத்தாள்.

"என்னம்மா, காய்ச்சல் எப்படி இருக்கு பையனுக்கு?"

"காய்ச்சல் இல்ல சார்" என்றாள். பிள்ளை இன்னும் அழுத்திக் கடித்தான். "பொய் சொன்னேன். என்ன நடந்துச்சுன்னு சொல்றேன், முழுசாக் கேளுங்க."